நியதி தவறாத விபரீத உலகம்

1983ஆம் ஆண்டில், லிவர்ப்பூல் நகரத்துக்கு ஆற்றின் எதிர்க்கரையில் உள்ள வாலசி என்னும் ஊரில் வசித்த மாத்யூ ஸ்மித் என்ற 17 வயது இளைஞர் தன்னந்தனியராகச் சில வார காலத்துக்குள் இயற்றி முடித்த 'மேனிக் மைனர்' என்னும் கணினி விளையாட்டில், வில்லி என்ற சுரங்கத் தொழிலாளி ஒருவன் பூமிக்கு அடியில் உள்ள 20 குகைகளை ஒன்றன்பின் ஒன்றாகக் கடந்து வெளியேற வேண்டும். ஒவ்வொரு குகையிலும் மின்னிக்கொண்டிருக்கும் சாவிகளை எல்லாம் சேகரித்த பின்னரே அடுத்த குகைக்கு வாயில் திறக்கும். அதற்குள் அவனிடம் இருக்கும் காற்று தீர்ந்துவிட்டால் உயிர் போகும். பேய் பிசாசுகளையாவது பாம்பு புலிகளையாவது எதிர்பார்த்து உள்ளே நுழைபவனை எதிர்கொள்பவையோ, பென்குயின்களும், சீல்களும், கங்காருக்களும், மூடியைத் திறந்து திறந்து மூடியபடி உலாவும் கழிப்பறைக் கோப்பைகளும், வெறிகொண்ட தொலைபேசிகளுமே ஆகும். 14ஆவது குகையில் வானத்திலிருந்து ஸ்கைலாப் விண்வெளி நிலையங்கள் வரிசையாக விழுந்து நொறுங்குகின்றன; உண்மையான ஸ்கைலாப் 1979 ஜூலையில் மேற்கு ஆஸ்திரேலியாவின் மீது சிதறி விழுந்து அப்பொழுது நான்கு ஆண்டுகள்தாம் ஆகியிருந்தன. இவ்வளவுக்கும் இடையில் நார்வே தேசத்து இசைமேதை கிரீக் இயற்றிய பிரசித்தி பெற்ற மெட்டு ஒன்று கிரீச்சொலியில் ஓயாமல் ஒலித்துக்கொண்டிருக்க, கையிருப்பில் உள்ள உயிர்கள் யாவும் தீர்ந்ததும், மேலிருந்து ஒரு ராட்சதப் பூட்ஸ் கால் இறங்கி வந்து வில்லியை நசுக்கிவிடுகிறது.

சுரவேகத்தில் கண்ட கனவைப் போன்ற இந்த விளையாட்டு, 48 கிலோபைட் நினைவகம் கொண்ட ஸ்பெக்ட்ரம் என்னும் மலிவான வீட்டுக் கணினியில் ஆடப்பட்டது. பிரிட்டனில் ஒரு தலைமுறைச் சிறுவர்கள் அதன் குகைகளின் பெயர்களை மனப்பாடமாக வைத்திருந்தார்கள். மேடையிலிருந்து மேடைக்குத் தாவிச் செல்வதையே முக்கியச் செயலாகக் கொண்டிருப்பதால் பிளாட்பார்மர் என்று ஆட்டக்காரர்கள் வழங்கும் இவ்வகை விளையாட்டுகளில், வேகமும் விபரீதமும் ஒருங்கே கூடியவை இன்று வரையில் பெருகிக்கொண்டேதான் வருகின்றன. அர்த்தமற்ற காட்சிகளை அவசர அவசரமாகக் காட்டி, நூறு முறை கொன்று, நூற்றோராவது முறையும் நம்மை அழைக்கும் இந்த விநோத சிருஷ்டிகளிடத்தில் மனித மனம் எதைக் காண்கிறது என்பதே இந்த அத்தியாயத்தின் விசாரணை. நான் கண்ட அளவில், இவற்றின் தோற்றம் எவ்வளவுக்கு எவ்வளவு விபரீதமோ அவ்வளவுக்கு அவ்வளவு இவற்றின் நடத்தை கண்டிப்பானது. கண்ணுக்கு அராஜகமாகத் தோன்றும் உலகத்தில் கைக்கு மட்டும் புலனாகும் ஒரு நியதி இருக்கிறது. அந்த நியதியைப் புத்தி அறிவதற்கு முன்பே உடல் அறிந்துகொள்வதில்தான் இந்த ஆட்டங்களின் வசீகரம் முழுவதும் அடங்கியிருக்கிறது. இது எப்படி நிகழ்கிறது என்பதைச் சற்று நிதானமாகவே பார்ப்போம்.

வம்ச வரலாற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். ஜப்பானிய நிறுவனமான நின்டெண்டோ அமெரிக்காவுக்கு அனுப்பிய 'ரேடார் ஸ்கோப்' என்னும் ஆட்டப் பெட்டிகள் விலைபோகாமல் தேங்கிக் கிடந்தபோது, அந்தப் பெட்டிகளுக்குள்ளேயே வேறொரு விளையாட்டைப் புகுத்தி விற்றுத் தீர்க்கும் பொருட்டு, அதுவரை ஒரு விளையாட்டையும் தலைமையேற்று அமைத்திராத ஷிகெரு மியாமோட்டோ என்ற இளம் ஓவியரிடம் அந்தப் பணி ஒப்படைக்கப்பட்டது. 1981இல் வெளிவந்த 'டாங்கி காங்' அதன் பயன். ஒரு பெருங்குரங்கு கட்டடச் சாரத்தின் உச்சியில் நின்று பீப்பாய்களை உருட்டிவிட, கீழே நிற்கும் தச்சன் ஒருவன் அவற்றைத் தாண்டித் தாண்டி மேலேறிச் செல்கிறான். ஏணிகளில் ஏறும் ஆட்டங்கள் முன்பே இருந்தன எனினும், பொத்தானை அழுத்தியதும் எம்பிக் குதிக்கும் அந்தத் தாவல், ஆட்டத்தின் ஜீவனாக அமைந்தது இதில்தான். அன்று 'தாவும் மனிதன்' என்ற பொருள்பட மட்டுமே அழைக்கப்பட்ட அத்தச்சன், பின்னர் மேரியோ என்ற பெயரில் உலகப் பிரசித்தி அடைந்தான்.

இந்த ஆட்டங்கள் ஏன் இவ்வளவு வேகமாகவும் கடினமாகவும் இருந்தன என்பதற்கு விடை கலையில் இல்லை, காசில் இருக்கிறது. ஆர்கேட் என்னும் ஆட்டக்கூடங்களில் நின்ற பெட்டி, ஒரு நாணயத்துக்கு ஒரு முறை ஆட விடுவது. ஒருவன் ஒரே நாணயத்தில் அரைமணி நேரம் ஆடிவிட்டால் பெட்டியின் சொந்தக்காரருக்கு நஷ்டம். ஆகையால் ஆட்டம் சில நிமிஷங்களில் முடிந்தாக வேண்டும். அதே சமயம், தோற்றவன் வெறுத்துப் போய்விட்டாலும் நஷ்டமே. ஆகையால் அவன் மற்றொரு நாணயத்தை எடுத்தாக வேண்டும். இவ்விரண்டு நிர்ப்பந்தங்களுக்கும் இடையில் அகப்பட்ட ஆட்ட அமைப்பாளர்கள், விரைவில் சாகடிக்க வேண்டும், ஆனால் செத்தவன் 'பிழை என்னுடையதே, பெட்டியுடையது அன்று' என்று மனமார நம்ப வேண்டும் என்ற முடிவுக்கு அனுபவத்தின் வாயிலாக வந்து சேர்ந்தார்கள். வியாபாரத்தின் பொருட்டுக் கண்டுபிடிக்கப்பட்ட இந்த நீதி, நாணயப் பெட்டிகள் மறைந்து, வீட்டுக் கணினிகளில் எவரும் எத்தனை முறை வேண்டுமானாலும் இலவசமாக ஆடலாம் என்ற நிலை ஏற்பட்ட பின்னரும் நிலைத்து நின்றது என்பதிலிருந்தே, அது மனித சுபாவத்தின் ஆழமான ஏதோ ஒன்றைத் தொட்டிருந்தது என்று ஊகிக்கலாம்.

இனித் தாவலின் விஞ்ஞானத்துக்கு வருவோம். பூமியில் அரை மீட்டர் உயரம் எம்பக்கூடிய ஒருவர் காலூன்றாமல் அந்தரத்தில் இருக்கும் நேரம் சுமார் 0.64 வினாடி, தரையை விட்டுக் கால் எழும்பிய அக்கணமே அவருடைய பாதை முழுவதும் நிர்ணயமாகிவிடுகிறது, பிறகு அவர் என்ன கைகால் ஆட்டினாலும் உடலின் பாரமையம் அந்தப் பரவளையத்தை விட்டு மயிரிழையும் விலகாது. விளையாட்டு நாயகர்களோ தங்கள் உயரத்தைப் போல் இரண்டு மூன்று மடங்கு எம்புகிறார்கள். 5 மீட்டர் உயரத் தாவலைப் பூமியின் ஈர்ப்பு விதிப்படி கணக்கிட்டால் அதற்கு 2 வினாடி பிடிக்கும். திரையில் அது பஞ்சு பறப்பது போல் தோன்றி ஆடுபவனுடைய பொறுமையைக் கெடுத்துவிடும். ஆகவே அமைப்பாளர்கள் தங்கள் உலகத்தின் ஈர்ப்பு விசையைப் பூமியினுடையதைப் போல் பன்மடங்காக்கிக் கொண்டார்கள். 1985இல் வந்த 'சூப்பர் மேரியோ பிரதர்ஸ்' இன்னும் துணிந்து சென்றது: பொத்தானை அழுத்திப் பிடித்திருக்கும் வரையில் மேலே எழும் மேரியோவை இழுக்கும் ஈர்ப்பு ஒன்று, விட்டதும் அவனைக் கீழே இழுக்கும் ஈர்ப்பு வேறொன்று, அந்தரத்தில் இருக்கும்போதே அவன் முன்னும் பின்னும் நகரவும் செய்யலாம். நியூட்டன் கண்டால் ஒப்பமாட்டார். மேனிக் மைனரின் வில்லிக்கு அந்தச் சலுகைகூட இல்லை. அவன் தாவல் எப்பொழுதும் ஒரே வளைவு, ஒரே உயரம், இடையில் திருத்த இயலாதது. ஆனால் இரண்டையும் ஆடிப் பார்த்த எவரும் ஒன்றை உண்மை என்றும் மற்றொன்றைப் பொய் என்றும் சொன்னதில்லை.

ஏன் சொல்வதில்லை என்பதற்கு உளவியலில் ஒரு சுவையான விடை இருக்கிறது. 1980ஆம் ஆண்டையொட்டி அமெரிக்க உளவியலாளர் மைக்கேல் மக்ளாஸ்கியும் அவரோடு சேர்ந்தவர்களும் கல்லூரி மாணவர்களிடம் எளிய பெளதிகக் கேள்விகள் சிலவற்றைக் கேட்டார்கள். நடந்து செல்லும் ஒருவர் கையிலுள்ள பந்தை நழுவ விட்டால் அது எங்கே விழும் என்றதற்கு, விட்ட இடத்துக்கு நேர் கீழே விழும் என்று பலர் சொன்னார்கள்; உண்மையில் பந்து அவரோடு கூடவே முன்னேறியபடி விழும். வளைந்த குழாயிலிருந்து வெளிப்படும் குண்டு வெளியேயும் வளைந்தே செல்லும் என்று படம் வரைந்தவர்கள் பலர். பாறை விளிம்பைத் தாண்டிய பொருள் கொஞ்ச தூரம் நேராகச் சென்ற பின்னரே கீழே திரும்பும் என்று கருதியவர்களும் இருந்தார்கள். பெளதிகப் பாடம் படித்திருந்தும்கூட இந்த நம்பிக்கைகள் பலரை விட்டு அகலவில்லை. அதாவது, நம் எல்லோருடைய உள்ளத்திலும் பாடப் புத்தகத்துக்கு முற்பட்ட ஒரு பெளதிகம் குடியிருக்கிறது. தாவல் விளையாட்டுகள் பிரபஞ்சத்தின் பெளதிகத்தை மீறிய போதிலும் அந்த உள்ளத்துப் பெளதிகத்தை மீறுவதில்லை.

அதைவிட முக்கியமாக அவை மீறாத மற்றொன்று காரண காரியத் தொடர்பு. பெல்ஜியத்தின் லூவேன் பல்கலைக்கழகத்தில் ஆராய்ச்சி நிகழ்த்திய ஆல்பேர் மிஷோத் என்பவர் 1946இல் வெளியிட்ட நூலில், ஓர் உருவம் நகர்ந்து சென்று மற்றொன்றைத் தொட்டவுடன் அது நகரத் தொடங்கினால், முன்னது பின்னதைத் தள்ளியது என்று நாம் ஊகிப்பதில்லை, கண்ணாரவே காண்கிறோம் என்று காட்டினார். தொடுதலுக்கும் நகர்தலுக்கும் இடையில் ஒரு வினாடியில் ஐந்தில் ஒரு பங்கு அளவு தாமதம் புகுந்துவிட்டால் போதும், அந்தப் பிரத்தியட்சம் கலைந்து, இரண்டும் சம்பந்தமற்ற நிகழ்ச்சிகளாகத் தோன்றுகின்றன. விரலுக்கும் நாயகனுக்கும் இடையே உள்ள உறவும் இத்தகையதே. பொத்தான் அமுங்கியதும் அவன் எழும்பிவிட்டால், அவன் குரங்கானாலும் கத்தரிக்காயானாலும், அவன் என் உடலின் ஒரு பகுதி. எழும்பத் தயங்கினால், அவன் எவ்வளவு தத்ரூபமாக வரையப்பட்ட மனிதனாயினும், அவன் அந்நியன். நல்ல ஆட்டத்துக்கும் கெட்ட ஆட்டத்துக்கும் வித்தியாசம் சொல்லும்படி என்னைக் கேட்டால், கதையையும் சித்திரத்தையும் விட்டுவிட்டு முதலில் இதைத்தான் சோதிப்பேன்.

இங்கே ஆட்ட அமைப்பாளர்களின் ஒரு யுக்தியையும் சொல்ல வேண்டும். மேடையின் விளிம்பைக் கடந்து ஒரு காலடி அந்தரத்தில் வைத்துவிட்ட பின்னரும், மிகச் சிறு பொழுதுக்குள் பொத்தானை அழுத்தினால் தாவல் செல்லுபடியாகும்படி அவர்கள் அமைக்கிறார்கள்; 2018இல் வந்த 'செலஸ்ட்' என்னும் ஆட்டத்தில் அந்த அவகாசம் ஒரு வினாடியில் பத்தில் ஒரு பங்கு. பாறையைத் தாண்டி ஓடி, கீழே பார்க்கும் வரையில் விழாமல் நிற்கும் கேலிச்சித்திர ஓநாயின் பெயரால் இதற்குக் 'கயோட்டி டைம்' என்று பெயர் வழங்குகிறது. அவ்வாறே, தரையைத் தொடுவதற்குச் சற்று முன்னதாகவே அழுத்திவிட்ட பொத்தானையும் நினைவில் வைத்திருந்து, கால் பட்ட மாத்திரத்தில் தாவச் செய்வதும் உண்டு. இவை ஏமாற்று வித்தைகள் என்று சிலர் எண்ணக்கூடும். எனக்கு அப்படித் தோன்றவில்லை. விரல் பொத்தானைத் தொட்ட நேரத்துக்கும், 'தொடுவேன்' என்று மனம் தீர்மானித்த நேரத்துக்கும் இடையில் நரம்பும் தசையும் எடுத்துக்கொள்ளும் காலத்தை ஆட்டம் கணக்கில் கொண்டு, செய்கைக்கு அல்ல, சங்கற்பத்துக்குத் தீர்ப்பு வழங்குகிறது. அது நியாயத்தின் உயர்ந்த வகை.

நரம்பின் தாமதத்தைப் பற்றிச் சொன்னேன்; வேகம் என்ற பொருளின் ரகசியமே அதில்தான் இருக்கிறது. ஒரு காட்சியைக் கண்டு விரலை அசைப்பதற்கு மனிதருக்கு ஏறக்குறையக் கால் வினாடி வேண்டும். திரையோ வினாடிக்கு 60 படங்களை மாற்றுகிறது. ஆக, நாம் கண்டு செயல்படுவதற்குள் 15 படங்கள் கடந்து போய்விடுகின்றன. வேகமான ஆட்டத்தில் கண்ட பின் செய்பவன் செத்தவனே. ஆகையால் மூளை வேறு வழியின்றி, இனி வரப்போவதைத் தானே முன்கூட்டி வரைந்துகொண்டு, அந்த வரைபடத்தை நோக்கிச் செயல்படத் தொடங்குகிறது. இது விளையாட்டுக்கென்று புதிதாய் முளைத்த சக்தி அன்று. கிண்ணத்தை எட்டி எடுப்பது முதல் மாடிப்படி இறங்குவது வரையில் நம் அன்றாடச் செயல்கள் எல்லாவற்றிலும் அது மறைவாக இயங்கிக்கொண்டுதான் இருக்கிறது.

அந்த மறைவான சக்தியை வெளிச்சத்துக்குக் கொண்டுவந்த அழகிய சோதனை ஒன்று 1994இல் ரேசா ஷாட்மேர், ஃபெர்டினாண்டோ முஸ்ஸா-இவால்டி என்னும் இரு விஞ்ஞானிகளால் வெளியிடப்பட்டது. ஒரு யந்திரக் கரத்தின் கைப்பிடியைப் பற்றிக்கொண்டு ஒரு புள்ளியிலிருந்து மற்றொரு புள்ளிக்குக் கையை நகர்த்தும்படி மனிதர்களிடம் சொன்னார்கள். கை நகரும் வேகத்துக்கேற்ப யந்திரம் அதை ஒரு விநோதமான திசையில் தள்ளும். இயற்கையில் அப்படி ஒரு விசை எங்கும் இல்லை. முதலில் எல்லோருடைய கையும் கோணல் மாணலாகச் சென்றது. பழகப் பழகப் பாதை நேரானது. பிறகு, சொல்லாமல் கொள்ளாமல் அந்த விசையை நிறுத்தினார்கள். உடனே கை, முன்பு வளைந்ததற்கு நேர் எதிர்த்திசையில் வளைந்தது! தள்ளலை எதிர்த்து வெறுமனே தசைகளை இறுக்கிக்கொண்டிருந்தால் இப்படி நிகழாது. விபரீத விசையின் சட்டத்தையே மூளை உள்ளுக்குள் கற்று, அதை எதிர்பார்த்து ஈடுசெய்து வந்திருக்கிறது என்பதற்கு அந்த எதிர் வளைவே சாட்சி. சிறுமூளை என்னும் பகுதி இவ்விதக் கல்வியில் பெரும் பங்கு வகிக்கிறது. நேர்ந்த பிழையையே ஆசானாகக் கொண்டு அது தன் நரம்பு இணைப்புகளைத் திருத்திக்கொள்கிறது என்ற கொள்கையை டேவிட் மார் 1969இலும் ஜேம்ஸ் ஆல்பஸ் 1971இலும் தனித்தனியே முன்வைத்தார்கள்.

மேரியோவின் இரட்டை ஈர்ப்பு விசையும் வில்லியின் மாறாத வளைவும் அந்த யந்திரக் கரத்தின் விசையைப் போன்றவையே. இயற்கையில் இல்லாத ஒரு சட்டம். ஆனால் ஒரு முறையும் தவறாத சட்டம். பத்துப் பதினைந்து நிமிஷங்களுக்குள் சிறுமூளை அதைக் கற்றுவிடுகிறது. அதன் பின்னர், முன்பின் அறியாத அந்த உலகத்தில் நமக்கு ஒரு புதிய உடல் கிடைத்துவிடுகிறது. குழந்தைப் பருவத்தில் நடக்கக் கற்ற ஆனந்தத்தை நாம் ஒருவரும் நினைவில் வைத்திருக்கவில்லை. வளர்ந்த பிறகு அதற்கு நிகரான அனுபவத்தை, சைக்கிள் ஓட்டக் கற்பதிலும் நீந்தக் கற்பதிலும் ஓரிரு முறை பெறுகிறோம். இந்த ஆட்டங்கள் ஒவ்வொன்றும் ஒரு புதிய உடலைத் தருவன. அதனாலேயே ஒன்றைக் கரைகண்டவர்கள் மற்றொன்றைத் தேடிப் போகிறார்கள்.

அப்படியானால், கழிப்பறைக் கோப்பைக்கும் கங்காருவுக்கும் என்ன வேலை? வெறும் சதுரங்களையும் கட்டங்களையும் வைத்து ஆடினாலும் இதே கல்வி கிடைக்குமே என்று கேட்கலாம். இந்தக் கேள்விக்கு நேராக விடையளிக்கும் ஓர் ஆராய்ச்சியை, கலிபோர்னியாவின் பெர்க்லி பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ரசித் துபே முதலான ஆராய்ச்சியாளர்கள் 2018இல் செய்தார்கள். ஏணி, சாவி, முள், மேடை ஆகியவை அடங்கிய எளிய தாவல் ஆட்டம் ஒன்றை அமைத்து, அதன் சட்டங்களைச் சிறிதும் மாற்றாமல், தோற்றத்தை மட்டும் படிப்படியாகக் கலைத்தார்கள்: ஏணி ஏணி போல் தோன்றாது, முள் முள் போல் தோன்றாது, எது பொருள் எது வெளி என்பதே புலனாகாது. தோற்றம் தெளிவாக இருந்தபோது ஏறக்குறைய 2 நிமிஷத்தில் முடித்த ஆட்டத்தை முடிக்க, எல்லாம் மறைந்தபோது மனிதர்களுக்கு 20 நிமிஷத்துக்கு மேல் பிடித்தது. தானே கற்கும் கணினி நிரலுக்கோ, ஏணி ஏணியாய் இருந்தாலும் வெறும் வண்ணக் கறையாய் இருந்தாலும் பெரிதும் வேறுபாடு இல்லை.

இதிலிருந்து, விபரீதத்துக்கும் ஓர் எல்லை உண்டு என்று அறிகிறோம். மேனிக் மைனரில் உலாவுபவை எவ்வளவு அசம்பாவிதமானவையாயினும், தரை தரையாகவே தோன்றுகிறது, சாவி மின்னுகிறது, இடிந்து விழும் தளம் இடிந்து விழுவது போலவே காட்சியளிக்கிறது. மனம் கால் ஊன்றுவதற்கு வேண்டிய அளவு உலகத்தை விட்டுவைத்து, மிச்சத்தை மட்டுமே தலைகீழாக்குவது தேர்ந்த சிருஷ்டிகர்த்தாவின் சாமர்த்தியம். நம் ஊர்த் தெருக்களில் பெண்பிள்ளைகள் மண்ணில் கோடு கிழித்து ஆடும் பாண்டி விளையாட்டில், அந்தக் கோட்டுக்குத் தனியே ஒரு மதிப்பும் இல்லை; ஆனால் ஆட்டம் தொடங்கிவிட்டால் அதை மிதித்தவள் ஆட்டமிழந்தவள், அதில் தயவு தாட்சண்யம் கிடையாது. கோப்பைக்கும் கங்காருவுக்கும் இருக்கும் மதிப்பும் அந்தக் கோட்டின் மதிப்பே. புலியைக் கண்டால் புலியைப் பற்றி நாம் அறிந்தவையும் அஞ்சியவையும் எல்லாம் கூடவே வந்து குறுக்கிடும்; உலாவும் கோப்பையைப் பற்றி நமக்கு முன்னறிவு ஏதும் இல்லாமையால், அது இடமிருந்து வலம் எத்தனை அடி செல்கிறது, எப்பொழுது திரும்புகிறது என்ற ஒன்றை மட்டுமே மனம் பற்றிக்கொள்கிறது. விபரீதத் தோற்றம் நியதியை மறைப்பதற்குப் பதிலாக அதை நிர்வாணமாக்கிக் காட்டுகிறது.

ஹாஸ்ய ரசத்தின் பணி வேறு. பிரெஞ்சுத் தத்துவ அறிஞர் ஹென்றி பெர்க்ஸன் 1900இல் வெளியிட்ட சிரிப்பைப் பற்றிய நூலில், உயிருள்ளது யந்திரம் போல் நடந்துகொள்ளும் இடத்தில் நகை பிறக்கிறது என்று வாதித்தார். பள்ளத்தைக் கண்டும் நிற்க முடியாமல் ஓடி விழும் மேரியோவும், ஒரே தடத்தில் சலிப்பின்றி உலாவும் தொலைபேசியும் அவருக்குச் சிறந்த உதாரணங்களாய் வாய்த்திருப்பார்கள். 2010இல் பீட்டர் மக்ரா, கேலப் வாரன் என்ற இரு அமெரிக்க ஆராய்ச்சியாளர்கள், ஏதோ ஒரு முறைமை மீறப்படுவதும், அந்த மீறல் தீங்கற்றது என்று தெரிவதும் ஒரே சமயத்தில் நிகழும்போது நாம் சிரிக்கிறோம் என்று கூறினார்கள். மரணம் என்பது மீறல்களிலெல்லாம் பெரியது. இந்த ஆட்டங்களில் அது நிமிஷத்துக்கு நாலு தடவை நிகழ்கிறது. பூட்ஸ் கால் வந்து நசுக்கும் மரணத்தில் துக்கத்துக்கு இடமில்லை. துக்கத்துக்கு இடமில்லாத தோல்வியை மனிதன் எத்தனை முறையும் தாங்குவான். 2023 ஜனவரியில் வெளிவந்த 'பீட்ஸா டவர்' என்னும் ஆட்டம் இந்த மார்க்கத்தை அதன் எல்லைக்கே கொண்டுபோயிருக்கிறது. எப்பொழுதும் பதற்றத்தால் முகம் கோணிய பெப்பினோ என்ற உணவு விடுதிக்காரர், ஒவ்வொரு கட்டத்தின் முடிவிலும் ஒரு தூணை உடைத்தவுடன், வந்த வழியே தலைதெறிக்க ஓடித் திரும்ப வேண்டும். கடிகாரம் இறங்குமுகமாய் ஓட, இசை வெறிகொள்ள, நிதானமாய்ப் பார்த்துவந்த அதே இடங்களை இப்பொழுது பின்னோக்கிப் பாய்ந்து கடக்கும்போது, தன் கை இவ்வளவு கற்றிருந்ததா என்ற வியப்பு ஆடுபவனுக்கு ஏற்படுகிறது.

தோல்வியைத் தாங்குவதற்கு ஹாஸ்யம் மட்டும் போதாது. மறுமுயற்சி உடனே கிட்ட வேண்டும். 2010இல் எட்மண்ட் மக்மில்லன், டாமி ரெஃபனீஸ் என்னும் இருவர் ஆக்கிய 'சூப்பர் மீட் பாய்' விளையாட்டில், தோலில்லாத தசைப் பிண்டமாகிய நாயகன் வாள்சக்கரங்களுக்கு இடையே பாய்கிறான்; செத்த மறுகணமே தொடக்கத்தில் நிற்கிறான். ஒரு கட்டத்தை வென்றபின், அதற்கு முன் தோற்ற முயற்சிகள் அனைத்தையும் ஒரே சமயத்தில் திரையில் ஓடவிட்டுக் காட்டுகிறார்கள்: கூட்டமாகப் புறப்பட்ட பிண்டங்கள் ஒவ்வொரு திருப்பத்திலும் ஒன்றிரண்டாய் மடிந்துபோக, கடைசியில் ஒன்று மட்டும் இலக்கை அடைகிறது. பிழையிலிருந்து கற்றல் என்னும் சிறுமூளையின் அந்தரங்க வேலையை இவ்வளவு பிரத்தியட்சமாக வேறெந்தக் கலையும் காட்டி நான் கண்டதில்லை.

இவ்விடத்தில் டோபமைன் என்னும் மூளை ரசாயனத்தைப் பற்றிச் சொல்லாமல் தீராது. ஏனெனில் அதைப் பற்றிய தவறான பேச்சு மிகுந்திருக்கிறது. 1998இல் லண்டனில் நடந்த ஒரு சோதனையில், திரையில் பீரங்கி வண்டி ஓட்டும் ஆட்டத்தை ஆடிய 8 பேருடைய மூளையை ஆராய்ந்து, அடிமூளையின் ஒரு பகுதியில் டோபமைன் பெருகுவதையும், ஆட்டத் திறமை மிகுந்தவர்களிடம் அது மிகுதியாய் இருந்ததையும் கண்டார்கள். அது முதல் 'இன்ப ரசாயனம் சுரக்கிறது, ஆகையால் ஆடுகிறார்கள்' என்று சொல்லிவிடுவது வழக்கமாயிற்று. ஆனால் வுல்ஃப்ராம் ஷுல்ட்ஸ் குரங்குகளிடம் செய்த ஆராய்ச்சிகள், டோபமைன் நரம்பணுக்கள் இன்பத்தை அளப்பதில்லை, எதிர்பார்த்ததற்கும் கிடைத்ததற்கும் உள்ள வித்தியாசத்தையே அளக்கின்றன என்று காட்டின. எதிர்பாராத நலம் வந்தால் அவை துள்ளுகின்றன. எதிர்பார்த்தபடியே வந்தால் அமைதியாக இருக்கின்றன. எதிர்பார்த்தது வராவிட்டால் ஓய்ந்து போகின்றன. அவை கல்வியின் கருவிகள். வெற்றி நிச்சயமான ஆட்டமும் வெற்றி அசாத்தியமான ஆட்டமும் ஒருங்கே சலிப்பூட்டுவது இதனாலேயே.

இந்தக் கருவியைத் தீய வழியில் இயக்குபவர்களும் உண்டு. சூதாட்ட யந்திரத்தில் வெற்றிக்குரிய படம் மயிரிழையில் தவறும்போது, வெற்றிக்குரிய மூளைப் பகுதிகள் சிலிர்த்தெழுவதையும், மேலும் ஆடும் ஆவல் மிகுவதையும் லூக் கிளார்க்கும் அவருடைய சகாக்களும் 2009இல் காட்டினார்கள். அந்த 'மயிரிழை' பொய். அடுத்த சுழற்சிக்கு அதனால் ஒரு பயனும் இல்லை. தாவல் ஆட்டத்தில் விளிம்பைத் தொடாமல் நழுவியவனுக்குக் கிடைக்கும் மயிரிழையோ மெய். ஒரு கணம் தாமதித்து அழுத்தியிருக்க வேண்டும் என்ற பாடம் அதில் இருக்கிறது. இரண்டும் மூளையில் ஒரே நரம்பைத் தொடலாம். ஆனால் ஒன்று கற்பிக்கிறது, மற்றது கற்பிப்பதாகப் பாசாங்கு செய்கிறது. இன்று கைப்பேசிகளில் உலவும் ஆட்டங்கள் பலவற்றில், காசு கொடுத்தால் மரணம் தள்ளுபடி ஆகிறது. அங்கே நியதி விலைபோய்விட்டது; நியதி விலைபோன இடத்தில் கை கற்பதற்கு ஒன்றுமில்லை என்பதால், குழந்தைகளுக்கு ஆட்டம் தேர்ந்துகொடுக்கும் பெற்றோர்கள், அது வன்முறையா விநோதமா என்று பார்ப்பதற்கு முன்னால், அதன் சட்டம் காசுக்கு வளைகிறதா என்று பார்ப்பது நலம்.

சட்டம் உண்மையிலேயே வளையாதது என்பதற்கு அந்தப் பழைய பெட்டிகளின் முடிவே அத்தாட்சி. டாங்கி காங் ஆட்டத்துக்கு முடிவு என்று ஒன்றை மியாமோட்டோ எழுதவில்லை. எனினும் 22ஆவது நிலையை அடைந்தவர்கள், ஆடத் தொடங்கிய சில வினாடிகளுக்குள் காரணம் இன்றிச் செத்துப் போனார்கள். நிலையின் எண்ணோடு 4ஐக் கூட்டி 10ஆல் பெருக்கி வருவதே கால அவகாசத்துக்கு அடிப்படை. 22ஆவது நிலையில் அது 260 ஆகிறது. ஒரு பைட்டுக்குள் 255க்கு மேற்பட்ட எண் அடங்காது. ஆகவே 256 கழிந்து, மிச்சமான 4 மட்டுமே யந்திரத்துக்குத் தெரிகிறது. ஆட்டக்காரர் எவ்வளவு திறமைசாலியாயினும், தன் கணக்கை ஓர் இம்மியும் விட்டுக்கொடுக்காத யந்திரம் அங்கே நின்றுவிடுகிறது.

இத்தகைய மறைவான சட்டங்களைத் தேடிக் காண்பதையே சிலர் தவமாகக் கொண்டிருக்கிறார்கள். சூப்பர் மேரியோ பிரதர்ஸைத் துருவி ஆராய்ந்தவர்களும், அதை மிக விரைவில் முடிக்கப் போட்டியிடுபவர்களும், மேரியோ நிற்கும் இடத்தை யந்திரம் திரைப்புள்ளியின் பதினாறில் ஒரு பங்கு வரை நுணுகிக் கணக்கு வைத்திருப்பதையும், சுவருக்குள் கால் விரல் புதையும் ஓர் ஓரத்திலிருந்து மீண்டும் எம்ப முடியும் என்பதையும், அமைப்பாளர்கள் எண்ணியே பாராத வாயில் வழியே நுழைந்தால் முடிவற்ற நீருலகம் ஒன்று திறக்கும் என்பதையும் கண்டறிந்தார்கள். ஒரு கட்டம் முடிந்ததும் அடுத்ததற்குப் போகலாமா என்று யந்திரம் 21 படங்களுக்கு ஒரு முறையே பார்க்கிறது என்பதும் அவர்கள் கண்டதே. ஆகவே, 20 படங்களை மிச்சப்படுத்தியவனுக்குச் சில வேளை ஒரு பயனும் இராது. ஒரே ஒரு படத்தை மிச்சப்படுத்தியவனுக்கு 21 படங்கள் வரமாகக் கிடைக்கவும் கூடும். 2021இல் முதன்முறையாக அந்த ஆட்டம் 4 நிமிஷம் 55 வினாடிக்குள் முடிக்கப்பட்டது. அதற்கு மேல் குறைப்பதற்கு மிஞ்சியிருக்கும் இடம் ஒரு வினாடிக்கும் குறைவு. அதற்காக இன்னும் ஆடிக்கொண்டிருக்கிறார்கள்.